எரிமலைப் பாறைமேல் ஆடுகளங்கள்: மெக்சிகோவின் பல்கலைக்கழக நகரம்

பல்கலைக்கழகம் ஒன்றுக்கு வரைபடம் தீட்டும்போது வகுப்பறை, நூலகம், ஆய்வகம், நிர்வாக மாளிகை ஆகியவற்றுக்கே முதலில் இடம் ஒதுக்கப்படுகிறது. இவையெல்லாம் அமர்ந்தபின் கோடியில் எஞ்சும் மேடுபள்ளமான துண்டு நிலம்தான் பெரும்பாலும் விளையாட்டுத் திடல் என்று பெயர் பெறுகிறது. இந்த வழக்கத்திலிருந்து முற்றிலும் விலகி, விளையாட்டுக்கான இடத்தை முதல் கோட்டிலேயே சேர்த்து வரையப்பட்ட வளாகங்கள் உலகில் மிகச் சிலவே. அவற்றுள் தலையாயது மெக்சிகோ நகரின் தென்புறத்தில், மெக்சிகோ தேசியத் தன்னாட்சிப் பல்கலைக்கழகத்துக்காக 1950களின் தொடக்கத்தில் எழுந்த 'சியுதாத் உனிவெர்சிதாரியா', அதாவது 'பல்கலைக்கழக நகரம்'. ஒலிம்பிக் அரங்கம், நீச்சல் குளம், சுவர்ப்பந்துக் களங்கள், பயிற்சி அரங்கம், திறந்தவெளித் திடல்கள் என ஒரு முழுமையான பல்விளையாட்டு வளாகத்தைத் தன்னுள் கொண்ட இந்நகரின் மையப் பகுதி, 2007ஆம் ஆண்டில் யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. அந்த 176.5 எக்டேர் எல்லைக்குள் நூலகமும் நிர்வாகக் கோபுரமும் எந்தத் தகுதியோடு இடம்பெற்றனவோ, அதே தகுதியோடு விளையாட்டரங்கமும் பந்துச் சுவர்களும் இடம்பெற்றன என்பது இவ்வளாகத்தின் இயல்பை விளக்கப் போதுமானது.

இவ்வளாகத்தைப் புரிந்துகொள்ள அது நிற்கும் தரையைப் பற்றி அறிவது இன்றியமையாதது. ஏறத்தாழ 1,700 ஆண்டுகளுக்கு முன் ஷிட்லே என்னும் சிறிய எரிமலை வெடித்து, அதிலிருந்து வழிந்த குழம்பு பள்ளத்தாக்கின் தென்பகுதியை மூடியது; வட்ட வடிவப் பிரமிடால் புகழ்பெற்ற குயிகுயில்கோ என்னும் தொல்நகரின் எச்சங்களும் அக்குழம்பின் அடியில் புதைந்தன. குழம்பு ஆறி இறுகியபோது உண்டான கருங்கல் வெளிக்கு ஸ்பானிய மொழியில் 'பெத்ரெகால்' என்று பெயர். கல்லடர்ந்த நிலம் என்பது அதன் பொருள். பிளவுகளும் குகைகளும் கூரிய விளிம்புகளும் நிறைந்த அந்நிலத்தில் உழவும் இயலாது, வண்டி ஓட்டவும் இயலாது; இடுக்குகளில் பாம்புகளும் தேள்களும் முள்செடிகளும் மட்டுமே செழித்தன. ஊரார் ஒதுக்கி வைத்த அந்தக் கல்வெளியில் ஏறத்தாழ 700 எக்டேர் பரப்பை 1946ஆம் ஆண்டில் மெக்சிகோ அரசு பல்கலைக்கழகத்துக்காகக் கையகப்படுத்தியது. கையகப்படுத்தப்பட்டதில் பெரும்பங்கு 'எஹிதோ' எனப்படும் கிராமப் பொதுவுடைமை நிலம் என்பதையும் மறக்கலாகாது. நாட்டின் தலைசிறந்த கல்விக்கூடத்துக்கு அடித்தளம் தந்தவர்கள் உழவர்கள்.

அதுவரை பல்கலைக்கழகத்துக்கு ஒரே வளாகம் என்று எதுவும் இருந்ததில்லை. பழைய நகரின் நெரிசலான தெருக்களில், காலனிக் காலத்து மாளிகைகளிலும் மடங்களிலும் அதன் கல்லூரிகள் சிதறிக் கிடந்தன. சட்டம் பயின்றவரும் மருத்துவம் பயின்றவரும் ஒருவரையொருவர் காண்பதற்குத் தெருவும் தேநீர்க் கடையும் தவிர வேறு இடம் இல்லை. புதிய வளாகத்துக்கான திட்டம் 1947ஆம் ஆண்டளவில் கட்டடக்கலைப் பள்ளிக்குள்ளேயே போட்டியாக நடந்தபோது, தியோதோரோ கொன்சாலெஸ் தே லியோன் உள்ளிட்ட மூன்று மாணவர்கள் வரைந்த வரைவே ஆசிரியர்களின் வரைவுகளைக் காட்டிலும் தெளிவானதெனக் கருதப்பட்டு, முழுத் திட்டத்துக்கும் அடிப்படையாக ஏற்கப்பட்டது. அதனை வளர்த்தெடுத்துச் செயற்படுத்தும் பொறுப்பு மாரியோ பானி, என்ரிக்கே தெல் மொரால் ஆகிய இருவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அறுபதுக்கும் மேற்பட்ட கட்டடக் கலைஞர்களும் பொறியாளர்களும் ஓவியர்களும் இணைந்து 1950 முதல் 1952 வரையிலான குறுகிய காலத்தில் கல்வெளியின்மேல் ஒரு நகரை எழுப்பினர். மாணவர்கள் வாழவிருந்த நகருக்கு மாணவர்களே முதற்கோடு இட்டதனால்தானோ என்னவோ, அத்திட்டத்தில் ஓடுவதற்கும் நீந்துவதற்கும் ஆடுவதற்கும் உரிய இடம் தாராளமாக அமைந்தது.

திட்டத்தின் அமைப்பு எளிமையானது. வளாகம் முழுவதும் சில பெரும் பகுதிகளாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொரு பகுதியையும் வளையமாகச் சுற்றிவரும் சாலைகள் அமைக்கப்பட்டன; சுற்றுச்சாலைக்கு உட்பட்ட நிலம் நடப்பவர்களுக்கு மட்டுமே உரியதாயிற்று. கல்விக் கட்டடங்களுக்கு ஒரு பகுதி, பயிற்சித் திடல்களுக்கும் குளத்துக்கும் பந்துச் சுவர்களுக்கும் ஒரு பகுதி, பெரிய விளையாட்டரங்கத்துக்கு ஒரு பகுதி எனப் பிரிக்கப்பட்டபோதும், அவை ஒன்றோடொன்று தொடர்பற்று நிற்கவில்லை. நிர்வாகக் கோபுரத்தின் அருகிலுள்ள முற்றத்தில் நின்று மேற்கே நோக்கினால், இன்சுர்ஹென்தெஸ் நெடுஞ்சாலைக்கு அப்பால் அரங்கத்தின் சரிவு கண்ணுக்கு நேரே எழுகிறது. நெடுஞ்சாலையின் அடியில் அமைந்த நடைவழி இரண்டையும் இணைக்கிறது. வகுப்பறையிலிருந்து திடலுக்குச் செல்லும் தொலைவு எவ்வளவு என்பது விளையாட்டுக் கல்வியில் மிக முக்கியமானதும் மிகக் குறைவாகப் பேசப்படுவதுமான கேள்வி. பேருந்து ஏறிச் செல்லவேண்டிய திடலுக்கு அணியில் உள்ளவர் மட்டுமே செல்வார். நடந்து எட்டக்கூடிய திடலில்தான் எல்லோரும் ஆடுவர்.

மேற்கூறிய அரங்கம், 'எஸ்தாதியோ ஒலிம்பிகோ உனிவெர்சிதாரியோ', அகுஸ்தோ பெரெஸ் பலாசியோஸ், ரவுல் சலினாஸ் மோரோ, ஹோர்ஹே பிராவோ ஹிமெனெஸ் ஆகிய மூவரின் படைப்பு. ஏறத்தாழ 70,000 பேர் அமரும் அரங்கத்தைத் தூண்களின்மேல் தூக்கி நிறுத்துவதே அக்காலப் பொறியியலில் வழக்கமான முறை. இம்மூவரும் அதனைத் தவிர்த்தனர். நடுவில் மண்ணை அகழ்ந்து ஆடுகளத்தைச் சுற்றுப்புறத் தரைமட்டத்துக்குக் கீழே இறக்கி, அகழ்ந்த மண்ணைச் சுற்றிலும் கரையாகக் குவித்து, கனரக இயந்திரங்களால் அடுக்கடுக்காக இறுக்கி, அந்தக் கரையின் உட்சரிவில் இருக்கைகளைப் பதித்தனர். நம் ஊர் ஏரிக்கரையை ஒரு முழு வட்டமாக வளைத்துக் கற்பனை செய்தால் இதன் அடிப்படை விளங்கும். வெளிச்சரிவுக்கு அதே இடத்தில் கிடைத்த எரிமலைக் கல்லையே போர்வையாகப் போர்த்தியதால், வெளியிலிருந்து நோக்குபவருக்கு அது கட்டடமாகவே தோன்றுவதில்லை. தாழ்ந்து அகன்ற ஒரு எரிமலை வாயாகத் தோன்றுகிறது. பார்வையாளர்கள் கரையின் இடைமட்டத்தில் அமைந்த வாயில்கள் வழியே நுழைந்து, பாதிப் பேர் கீழிறங்கியும் மறுபாதிப் பேர் மேலேறியும் அமர்வதால் உயரமான படிக்கட்டுகளின் தேவை வெகுவாகக் குறைந்தது.

அரங்கத்தின் இருபுறமும் சம உயரமுடையன அல்ல என்பதும் ஆழ்ந்து நோக்கத்தக்கது. மேற்குப் பக்க மாடங்கள் கிழக்குப் பக்கத்தைவிட மிக உயரமாக எழுகின்றன. பிற்பகலில் கதிரவன் மேற்கே சாயும்போது கிழக்கே அமர்ந்தவர் கண்ணில் ஒளி நேராகப் பாயும். மேற்கே அமர்ந்தவர் கதிரவனுக்கு முதுகு காட்டி அமர்ந்திருப்பார். எனவே பெரும்பாலானோரை மேற்கே அமர்த்துவதே அறிவுடைமை. தேவையிலிருந்து பிறந்த இந்தச் சமனின்மையே அரங்கத்துக்கு அலைபோன்ற விளிம்பையும் தனியழகையும் தந்தது.

அரங்கத்தின் கிழக்கு முகத்தில், வளாகத்தை நோக்கியவாறு, தியேகோ ரிவேராவின் புடைப்போவியம் ஒன்று அமைந்துள்ளது. புடைப்போவியம் என்பது சிற்பத்துக்கும் ஓவியத்துக்கும் இடைப்பட்டது. பரப்பிலிருந்து உருவங்கள் ஓரளவு மேலெழுந்து நிற்கும், அவற்றின்மேல் நிறமும் இருக்கும். ரிவேரா இங்கே சாயம் எதனையும் பயன்படுத்தாது, இயற்கையிலேயே நிறம் கொண்ட கற்களைத் துண்டு துண்டாகப் பதித்து உருவங்களை ஆக்கினார். பல்கலைக்கழகச் சின்னமான கழுகும் காண்டோர் பறவையும் சிறகு விரிக்க, அவற்றின்கீழ்த் தாயும் தந்தையும் தம் குழந்தையிடம் அமைதிப் புறாவை அளிக்கின்றனர். இரு கோடிகளிலும் ஓர் ஆணும் ஒரு பெண்ணும் விளையாட்டுச் சுடரை ஏற்றுகின்றனர். அடியில் சிறகு கொண்ட நாகம் மக்காச்சோளக் கதிர்களோடு நீண்டு கிடக்கிறது. அண்மையில் சென்று நோக்கினால் முகமும் சிறகும் மறைந்து, கைப்பிடி அளவுள்ள கற்களின் சொரசொரப்பு மட்டுமே எஞ்சும். பின்வாங்க வாங்கத்தான் உருவம் கூடிவரும். அரங்கத்தின் வெளிச்சுற்று முழுவதையும் இவ்வாறே நிரப்புவது ரிவேராவின் எண்ணமாக இருந்தது. பணம் போதவில்லை, அவரது உடல்நலமும் குன்றியது, 1957ஆம் ஆண்டில் அவர் மறைந்தார். நடுப்பகுதியில் அமைந்த அந்த ஒரே படைப்பைத் தவிர மற்றச் சரிவெல்லாம் இன்றளவும் வெறுங்கல்லாகவே நிற்கிறது.

அரங்கத்தின் புகழ் காரணமாக ஒதுங்கிப்போன, ஆயினும் கட்டடக்கலை நோக்கில் அதனினும் செறிவான படைப்பு ஒன்று இவ்வளாகத்தில் உண்டு. ஜப்பானியத் தந்தைக்குப் பிறந்த மெக்சிகோக் கட்டடக் கலைஞர் அல்பெர்தோ அராய் 1952இல் அமைத்த 'ஃப்ரோன்தோன்' களங்களே அவை. ஃப்ரோன்தோன் என்பது பாஸ்க் நாட்டிலிருந்து ஸ்பானியர் வழியே அமெரிக்காவுக்கு வந்த சுவர்ப்பந்து ஆட்டமும், அது ஆடப்படும் களமும் ஆகும். முன்னே ஓர் உயர்ந்த சுவர், இடப்பக்கம் ஒரு நீண்ட சுவர், சில களங்களில் பின்னே ஒரு சுவர், வலப்பக்கம் திறந்தவெளி. ஆடுபவர் கையாலோ மட்டையாலோ பந்தை முன்சுவரில் மோதவிட, அது திரும்பி வந்து தரையில் ஒருமுறைக்குமேல் எழும்புவதற்குள் எதிராளி அதனைத் திருப்பியடிக்க வேண்டும்.

தனியாக நிற்கும் உயர்ந்த சுவர் காற்றையும் பந்தின் மோதலையும் தாங்க வேண்டுமாயின் பின்னே முட்டு வேண்டும். பொறியாளர் எவரும் அங்கே கம்பி வார்ப்புக் கால்களை நிறுத்தி வேலையை முடித்திருப்பர். அராய் அந்த முட்டையே கட்டடத்தின் முகமாக்கினார். பந்து மோதும் பக்கம் செங்குத்தாகவும் வழுவழுப்பாகவும் அமைய, மறுபக்கம் எரிமலைக் கல் சாய்வாக இறங்கி, உச்சி வெட்டப்பட்ட பிரமிடின் வடிவம் பெற்றது. தெற்கு மெக்சிகோவின் போனாம்பாக் முதலிய மாயா நகரங்களை நேரில் ஆராய்ந்தவர் அவர். பழங்காலக் கோயில்களின் வெளித்தோற்றத்தை நகலெடுக்காமல், கனமான கல் எவ்வாறு தரையோடு பொருந்துகிறது என்பதை மட்டும் அவற்றிலிருந்து எடுத்துக்கொண்டார். வரிசையாக நிற்கும் இச்சுவர்களின் சரிவுகள் தொலைவில் தெரியும் மலைகளின் சரிவுகளோடு ஒத்திசைந்து நிற்கின்றன. பிரமிடின் ஒரு பக்கத்தில் தொன்மையின் அமைதி. அதைச் சுற்றி மறுபக்கம் வந்தால், வகுப்பு முடித்து வந்த நால்வர் பந்தைச் சுவரில் அடித்துக்கொண்டிருப்பர், ஒவ்வோர் அடிக்கும் சுவர் எதிரொலிக்கும். பல்கலைக்கழக விளையாட்டு வளாகங்களில் இதற்கு நிகரான படைப்பு வேறொன்று இல்லை என்று துணிந்து கூறலாம்.

மற்ற வசதிகளைச் சுருக்கமாகக் கூறினால் போதும். திறந்தவெளி நீச்சல் குளம் 1968 ஒலிம்பிக்கின் நீர்ப்பந்துப் போட்டிகள் சிலவற்றை ஏற்ற தரமுடையது. அமெரிக்கக் கால்பந்துப் பயிற்சியாளர் ஒருவரின் நினைவாகப் பெயரிடப்பட்ட பயிற்சி அரங்கம், அன்றாடம் ஓடுவோருக்கு உரிய தளமாக விளங்குகிறது. கூரையிட்ட உள்ளரங்கு, கூடைப்பந்து, கைப்பந்துத் தளங்கள், கால்பந்துத் திடல்கள் ஆகியனவும் உள்ளன. இவற்றோடு, பல்கலைக்கழகத்தின் பெயர் தாங்கிய 'பூமாஸ்' தொழில்முறைக் கால்பந்து அணி பயிற்சி பெறும் இடத்துக்கு 'லா காந்தேரா' என்று பெயர். காந்தேரா என்றால் கல் வெட்டியெடுக்கும் குழி. நகரின் சாலைகளுக்காகக் கருங்கல் வெட்டியெடுக்கப்பட்ட குழியில் பயிற்சித் திடல்கள் அமைந்தமையால் அப்பெயர் பொருந்துகிறது. ஸ்பானியக் கால்பந்து வழக்கிலோ, ஓர் அணி தன் இளம் ஆட்டக்காரர்களை வளர்த்தெடுக்கும் பள்ளிக்கும் காந்தேரா என்றே பெயர். இருபொருளும் ஓரிடத்தில் மெய்யாகிய அரிய சொல் அது.

இவ்வளாகம் கடல்மட்டத்திலிருந்து 2,240 மீட்டருக்குக் குறையாத உயரத்தில் அமைந்தது. ஊட்டியின் உயரமும் ஏறத்தாழ இதுவே. அவ்வுயரத்தில் காற்றின் அடர்த்தி கடலோரத்தைவிட ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு குறைவு. இதனால் ஒரே அரங்கம் சிலருக்கு வரமாகவும் சிலருக்குச் சாபமாகவும் அமைந்தது. விரைந்து ஓடுபவருக்கும் தாண்டுபவருக்கும் எதிரே தடுக்கும் காற்று குறைகிறது. மூச்சை நம்பி நெடுந்தொலைவு ஓடுபவருக்கோ நுரையீரலுக்குக் கிடைக்கும் உயிர்வளி குறைகிறது. 1955ஆம் ஆண்டில் இங்கு நடந்த பான் அமெரிக்க விளையாட்டுகளில் பிரேசிலின் அதெமார் ஃபெரேரா த சில்வா மும்முறைத் தாண்டலில் 16.56 மீட்டர் தாண்டி உலகச் சாதனை படைத்தபோதே இவ்வுண்மை புலப்படத் தொடங்கியது. 1968 அக்டோபரில் ஒலிம்பிக் இங்கு வந்தபோது அது ஐயத்துக்கு இடமின்றி நிறுவப்பட்டது. ஆண்களுக்கான 100, 200, 400 மீட்டர் ஓட்டங்கள் மூன்றிலும் உலகச் சாதனைகள் வீழ்ந்தன. மும்முறைத் தாண்டலில் மட்டும் இரு நாட்களில் ஐந்து முறை சாதனை மாறியது. மறுபுறம், 10,000 மீட்டர் ஓட்டத்தில் கென்யாவின் நஃப்தலி தெமு வென்ற நேரம், நான்கு ஆண்டுகளுக்குமுன் டோக்கியோவில் வென்றவரின் நேரத்தைவிட ஒரு நிமிடத்துக்கும் மேல் அதிகம். அத்தொலைவின் உலகச் சாதனையாளரான ஆஸ்திரேலியாவின் ரான் கிளார்க் ஓட்ட முடிவில் நினைவிழந்து விழுந்தார்.

அரங்கத்தின் ஓடுதளமும் அவ்வாண்டு புதிதாயிற்று. அதுவரை ஒலிம்பிக் ஓட்டங்கள் நிலக்கரிச் சாம்பலும் செங்கற்பொடியும் போன்றவற்றால் ஆன தளங்களில் நடந்தன. மழை பெய்தால் சேறாகும், பலர் ஓடியபின் குழியாகும். மெக்சிகோவில்தான் முதன்முறையாக 'டார்டன்' என்னும் செயற்கைத் தளம் ஒலிம்பிக்கில் விரிக்கப்பட்டது. காலுக்கு ஒரே சீராக எதிர்விசை தரும் அத்தகைய தளம் இன்று உலகெங்கும் பரவிவிட்டது.

அக்டோபர் 18ஆம் நாள் நீளத் தாண்டல் இறுதிப்போட்டியில் நிகழ்ந்ததை இங்கு விரிவாகக் கூறுவது தகும். தாண்டல் குழியின் ஓரத்தில் ஒரு தண்டவாளம். அதன்மேல் நகரும் ஒளியியல் கருவி ஒன்றால் தொலைவு அளக்கப்பட்டது. அமெரிக்காவின் பாப் பீமன் தம் முதல் முயற்சியில் தாண்டி விழுந்த இடத்தை நோக்கிக் கருவி நகர்த்தப்பட்டது; தண்டவாளம் முடிந்துவிட்டது, பீமனின் தடம் அதற்கும் அப்பால் கிடந்தது. ஒரு மனிதர் அவ்வளவு தொலைவு தாண்டுவார் என்று கருவியை அமைத்தவர்கள் எண்ணியிருக்கவில்லை. அலுவலர்கள் நாடாவைக் கொண்டுவந்து கையால் அளந்தனர்: 8.90 மீட்டர். அதுவரையிலான உலகச் சாதனை 8.35. சென்டிமீட்டர் கணக்கில் ஊர்ந்துகொண்டிருந்த ஒரு சாதனை ஒரே தாவலில் 55 சென்டிமீட்டர் முன்சென்றது. அதனை மிஞ்ச 1991 வரை எவராலும் இயலவில்லை.

இதே அரங்கத்தில் தமிழர் ஒருவரும் தடம் பதித்தார். மருத்துவம் பயின்ற மலேசிய ஓட்டக்காரர் மணி ஜெகதீசன் 200 மீட்டர் ஓட்டத்தில் அரையிறுதிவரை முன்னேறினார்; அப்போட்டிகளில் அவர் பதித்த 20.92 வினாடி, 2017ஆம் ஆண்டுவரை, ஏறத்தாழ 49 ஆண்டுகள், மலேசியாவின் தேசியச் சாதனையாக நிலைத்தது. அதே 200 மீட்டர் ஓட்டத்தின் இறுதியில் 19.83 வினாடியில் வென்ற டாமி ஸ்மித்தும் மூன்றாமிடம் பெற்ற ஜான் கார்லோசும் பதக்க மேடையில் கறுப்புக் கையுறை அணிந்த கையை உயர்த்தித் தலைகுனிந்து நின்றனர். இரண்டாமிடம் பெற்ற ஆஸ்திரேலியாவின் பீட்டர் நார்மன் மனித உரிமைச் சின்னத்தை மார்பில் அணிந்து அவர்களோடு நின்றார். மாரத்தான் முடிந்து ஒரு மணி நேரத்துக்கும் மேலான பின், பார்வையாளர் பலர் எழுந்து சென்றுவிட்ட நிலையில், காலில் கட்டோடு நொண்டியபடி இதே ஓடுதளத்துக்குள் நுழைந்து ஓட்டத்தை முடித்தவர் தான்சானியாவின் ஜான் ஸ்டீபன் அக்வாரி.

இத்தனை பெருமைகளையும் கூறிவிட்டு அவற்றுக்கு முந்தைய மூன்று மாதங்களைக் கூறாமல் விடுவது அறமாகாது. 1968 கோடையில் மெக்சிகோ மாணவர்கள் காவல்துறை வன்முறைக்கு எதிராகவும் அரசியல் உரிமைகளுக்காகவும் எழுந்தனர். ஜூலை 30 அன்று பல்கலைக்கழகத் தலைவர் ஹவியேர் பாரோஸ் சியெரா வளாக முற்றத்தில் தேசியக் கொடியை அரைக்கம்பத்தில் பறக்கவிட்டார்; அடுத்த சில நாட்களில், பல்லாயிரம் மாணவர்களுக்கு முன்னின்று இன்சுர்ஹென்தெஸ் சாலையில் நடந்தார். செப்டம்பர் 18 இரவில் படை வளாகத்துக்குள் நுழைந்தது. மாத இறுதிவரை அங்கேயே முகாமிட்டது. அக்டோபர் 2 அன்று நகரின் வடபகுதியில் ட்லதெலோல்கோ சதுக்கத்தில் கூடியிருந்தவர்கள்மேல் துப்பாக்கிச் சூடு நடத்தப்பட்டது. மாண்டவர்கள் எத்தனை பேர் என்பதில் இன்றளவும் ஒத்த கருத்து இல்லை. பத்தே நாட்களில், அக்டோபர் 12 அன்று, பல்கலைக்கழக அரங்கத்தில் ஒலிம்பிக் தொடங்கியது. அமைதிப் புறாக்கள் பறக்கவிடப்பட்டன. தடையோட்ட வீராங்கனை என்ரிகேத்தா பசிலியோ படியேறிச் சுடரேற்றி, ஒலிம்பிக் வரலாற்றில் அச்சிறப்பைப் பெற்ற முதல் பெண்ணானார். அவருக்கு அப்போது வயது 20. மாண்ட மாணவர்கள் பலருக்கும் ஏறத்தாழ அதே வயது.

ஆடுகளம் யாருக்கு உரியது என்ற கேள்வி இங்கே மிகக் கூர்மையாக எழுகிறது. மாணவர்கள் வரைந்த கோட்டில், மாணவர்களுக்கெனக் கட்டப்பட்ட அரங்கம், மாணவர்கள் சுடப்பட்ட பத்தாம் நாளில் அரசின் விழா மேடையாயிற்று. அதன் கிழக்கு முகத்தில் ரிவேரா பதித்த தாயும் தந்தையும் குழந்தையிடம் புறாவை அளித்தபடியே நின்றிருந்தனர். ஓடியவர்களின் வெற்றியை இது சிறுமைப்படுத்தவில்லை. பீமனின் தாவலும் அக்வாரியின் உறுதியும் மாசற்றவை. ஆயினும் அவ்வரங்கத்தின் வரலாற்றை எழுதுவோர் இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதக் கடமைப்பட்டவர்கள்.

அரங்கம் மாணவர்களிடம் மீண்ட நிகழ்வாக 1979ஆம் ஆண்டின் உலகப் பல்கலைக்கழக விளையாட்டுகளைக் கருதலாம். பல்கலைக்கழக மாணவர்கள் மட்டுமே பங்கேற்கும் அவ்விழாவில், செப்டம்பர் 12 அன்று, இத்தாலியின் அரசியல் அறிவியல் மாணவர் பியெத்ரோ மென்னேயா 200 மீட்டரை 19.72 வினாடியில் ஓடினார். 1996இல் மைக்கேல் ஜான்சன் முறியடிக்கும்வரை, பதினாறு ஆண்டுகளுக்கும் மேலாக அது உலகச் சாதனையாக நின்றது. ஒரு மாணவர் விளையாட்டு விழாவில் பிறந்த சாதனை ஒலிம்பிக் வீரர்களையெல்லாம் அத்தனை காலம் பின்னிறுத்தியது. 1986 உலகக் கோப்பைக் கால்பந்தில் மரடோனாவின் அர்ஜென்டினா தன் முதல் ஆட்டத்தைத் தென் கொரியாவோடு ஆடியதும் இங்கேதான்.

இன்று அரங்கம் முதன்மையாகப் பூமாஸ் அணியின் இல்லம். ஞாயிறு நண்பகல் பன்னிரண்டு மணிக்கு ஆடுவது அவ்வணியின் நெடுநாள் வழக்கம். உச்சி வெயிலும் மெல்லிய காற்றும் வெளியூர் அணிகளை இரண்டாம் பாதியில் சோர்வடையச் செய்யும். ஆட்டம் தோறும் மாடங்களில் எழும் 'கோயா' என்னும் பல்கலைக்கழக முழக்கம், பழைய நகரில் வகுப்பைத் தவிர்த்த மாணவர்கள் ஒதுங்கிய திரையரங்கு ஒன்றின் பெயரிலிருந்து வந்தது என்று சொல்லப்படுகிறது. இவ்வணியில் வளர்ந்து, பின்னர் ஸ்பெயினில் ஐந்து முறை அதிகக் கோல் அடித்தவர் என்ற சிறப்பைப் பெற்ற ஹூகோ சான்செஸ், இதே பல்கலைக்கழகத்தில் பல் மருத்துவம் பயின்று பட்டம் பெற்றவர். காந்தேரா என்னும் சொல்லுக்கு அவரைவிடச் சிறந்த விளக்கம் கிடைப்பது அரிது.

மரபுச் சின்னமான ஒரு விளையாட்டு வளாகத்தைப் பேணுவது அருங்காட்சியகத்தைப் பேணுவதிலிருந்து வேறானது. அருங்காட்சியகப் பொருளைத் தொடாமல் காக்கலாம். பந்துச் சுவரைத் தொடாமல் காத்தால் அது பந்துச் சுவராக இராது. கட்டடங்களுக்கு அப்பால், 1983 முதல் காப்பகமாக்கப்பட்ட 237 எக்டேர் கல்வெளி தன் இயல்பான நிலையிலேயே விடப்பட்டுள்ளது. அங்கே மழைக்காலம் முடிந்து இலையெல்லாம் உதிர்ந்தபின் மஞ்சள் பூக்கும் செடி ஒன்றுண்டு. ஊரார் அதனைப் 'பாலோ லோகோ', பைத்தியக் கட்டை, என்று அழைக்கின்றனர். அந்தச் செடி வேரூன்றிய அதே கல்தான் அராயின் சுவர்களில் சாய்ந்து இறங்குகிறது. சுவரின் மறுபக்கத்தில், பல பத்தாண்டுகளாகப் பந்து பட்டுப் பட்டு நிறம் மங்கிய பூச்சின்மேல், அடுத்த அணி தன் முறைக்காகக் காத்திருக்க, ஆட்டம் தொடர்கிறது.